சீகிரியாவுக்கு அருகே சீட்டில்லாத ஒரு வாசல்

ஈழத்தின் நடுவே, மாத்தளை மாவட்டத்தின் வடபாகத்திலே, காடும் குளமும் வயலும் கலந்த சமவெளியில் தன்னந்தனியாக எழுந்து நிற்கிறது சீகிரியாக் குன்று. சுற்றியுள்ள நிலத்திலிருந்து ஏறத்தாழ 180 மீற்றர் உயரம். நாற்புறமும் செங்குத்தான பாறை. தொலைவில் வரும்போதே மரங்களின் தலைகளுக்கு மேலே அது தென்படும். சற்று நேரம் மறையும். மறுபடியும் முன்னிலும் பெரிதாய்த் தோன்றும். 'இதன் உச்சியிலா ஓர் அரசன் மாளிகை கட்டி வாழ்ந்தான்?' என்ற வியப்பு அதனைக் காணும் எவருக்கும் எழாமற் போகாது.

இவ்வூரைப் பற்றி எழுதியோர் பலர். அரசனையும் ஓவியத்தையும் பள்ளிப் பிள்ளைகளும் அறிவர். ஆதலால் இக்கட்டுரையில் நாம் குன்றோடு நின்றுவிடப் போவதில்லை. குன்றின் மேலுள்ள பெண்களைக் கண்டபின், அங்கிருந்து ஏறத்தாழ 20 கிலோமீற்றர் தொலைவிலுள்ள தம்புள்ளை விளையாட்டரங்கில் வேறு சில பெண்களையும் கண்டோம். முன்னவர்களைக் காண நுழைவுச் சீட்டு வேண்டியிருந்தது. பின்னவர்களைக் காண ஒரு சதமும் செலவாகவில்லை. ஒரே நாளில் கண்ட இவ்விரு காட்சிகளும் நம் உள்ளத்தில் எழுப்பிய எண்ணங்களை வாசகர்களோடு பகிர்ந்துகொள்ள விழைகிறோம்.

போகும் வழி

யாழ்ப்பாணத்திலிருந்து கண்டி வீதியாக வருவோர் தம்புள்ளையில் இறங்க வேண்டும். மலையகத்திலிருந்து வருவோருக்கு மாத்தளை வழியே பாதை. மாத்தளையில் முத்துமாரியம்மனை வணங்காமல் எந்தத் தமிழ்க் குடும்பமும் அவ்வழியே போவதில்லை. மாசி மகத்தன்று அங்கே ஐந்து தேர்கள் வீதிவலம் வரும் காட்சி ஈழம் முழுவதும் புகழ் பெற்றது.

தம்புள்ளையிலிருந்து ஹபரணை நோக்கிச் செல்லும் வீதியில் இனாமலுவை என்னும் சந்தியை அடைந்து, அங்கே வலப்புறம் திரும்பினால் சீகிரியா. பஸ் வண்டியும் உண்டு. முச்சக்கர வண்டியும் உண்டு. வெயில் ஏறுமுன் குன்றில் ஏறிவிடுதல் நலம். முதியோரும் சிறுவரும் உடன் வந்தால் விடியற்காலையிலேயே வாசலுக்குச் சென்றுவிட வேண்டும். உச்சிக்குச் செல்லப் படிகள் ஆயிரத்துக்கும் மேல். குடிநீரைக் கையோடு கொண்டு செல்லுதல் அவசியம்.

வாசலிலே நுழைவுச் சீட்டு. வெளிநாட்டார் டாலர்க் கணக்கிற் பெருந்தொகை கொடுக்க வேண்டும். இந்நாட்டார்க்குச் சிறு தொகைதான். பெருந்தொகை கொடுக்க இயலாதவர்களுக்கும் வழியில்லாமலில்லை. சீகிரியாவுக்கு வடக்கே, கூப்பிடு தூரத்துக்குச் சற்று அப்பால், பிதுரங்கலை என்னும் மற்றொரு குன்று இருக்கிறது. அதன் அடிவாரத்திலுள்ள விகாரையில் சிறு கட்டணம் செலுத்தி ஏறினால், சீகிரியாவின் முழுத் தோற்றமும் எதிரே விரியும். சீகிரியாவின் உச்சியில் நிற்பவனுக்குச் சீகிரியா தெரியாது. பிதுரங்கலையில் நிற்பவனுக்கே அது முழுமையாகத் தெரியும்!

மௌன மகளிர்

குன்றின் மேற்கே பரந்து கிடக்கும் நீர்ப் பூங்காக்களைக் கடந்தே மேலேற வேண்டும். ஒரு புறமும் மறு புறமும் ஒத்திருக்குமாறு வெட்டிய தடாகங்கள், நிலத்தடியிலே ஓடும் கால்வாய்கள், துளையிட்ட கல் மூடியிலிருந்து பீறிடும் நீரூற்றுகள்! ஆயிரத்தைந்நூறு ஆண்டுகள் சென்ற பின்னரும் மாரிக்காலத்தில் அவ்வூற்றுகள் சில பீறிடுகின்றன என்றால், அக்காலத்து நீரியல் அறிவை என்னென்பது!

இவற்றை அமைத்தவன் முதலாம் காசியப்பன். கி.பி. 477 முதல் 495 வரை ஆண்டவன். கலாவாவி என்னும் பெருங்குளத்தைக் கட்டிய தாதுசேனனின் மகன். தந்தையைக் கொன்று அரியணை ஏறினான் என்று சூளவம்சம் கூறும். அரியணைக்கு உரிய தம்பி முகலன் இந்தியாவுக்குத் தப்பியோடினான். அவன் திரும்பி வருவான் என்ற அச்சமே அண்ணனைக் குன்றின் உச்சிக்கு ஏற்றியது என்பர். 18 ஆண்டுகள் கழிந்தபின் முகலன் படையோடு வந்தான், காசியப்பன் மாண்டான், குன்று துறவிகளின் இருப்பிடமாயிற்று. 1982ஆம் ஆண்டு ஐக்கிய நாடுகளின் யுனெஸ்கோ நிறுவனம் இதனை உலக மரபுச் சின்னங்களின் வரிசையிலே சேர்த்தது.

பாதி உயரத்தில், சுழற்படியேறிச் சென்றால், பாறைக் குடைவிலே புகழ்பெற்ற அம்மகளிர் ஓவியங்கள். இன்று எஞ்சியவை ஏறத்தாழ இருபதுதான். ஒரு காலத்தில் பாறையின் மேற்குமுகம் முழுவதும் இத்தகைய உருவங்கள் நிறைந்திருந்தன என ஆராய்ச்சியாளர் கருதுவர். 1967ஆம் ஆண்டிலே தீயோர் சிலர் இரவில் நுழைந்து ஓவியங்களின் மேல் வண்ணம் பூசிச் சிதைத்தனர். இத்தாலிய நிபுணர் ஒருவரின் துணையோடு அவை மிகுந்த பொறுமையுடன் சீராக்கப்பட்டன. இன்று காவலர் அருகிலேயே நிற்கின்றனர். படம் பிடிக்கவும் தடை.

அம்மகளிர் யாவர்? அரசியரா, பணிப்பெண்களா, வானுலக மங்கையரா, மேகமும் மின்னலும் பெண்ணுருக் கொண்டனவா? அறிஞர் பலர் பலவாறு கூறியுள்ளனர். மலர் ஏந்திய கைகளோடு, மேகத்தினின்று இடைவரை எழுந்தவராய், அவர்கள் நம்மைப் பாராமல் எங்கோ பார்க்கின்றனர்.

ஓவியங்களுக்குச் சற்றுக் கீழே, ஒரு காலத்தில் கண்ணாடிபோல் பளபளத்த நெடுஞ்சுவர். நம்மைப் போலவே பார்க்க வந்தோர் அச்சுவரில் பாடல்களைக் கீறிச் சென்றனர். கி.பி. 8ஆம் நூற்றாண்டு முதல் 10ஆம் நூற்றாண்டு வரை எழுதப்பெற்ற அவ்வகைப் பாடல்கள் 685ஐப் படித்தறிந்து, பேராசிரியர் செனரத் பரணவிதான 1956ஆம் ஆண்டில் நூலாக வெளியிட்டார். எழுதியவர்களுள் துறவியர் உண்டு, போர்வீரர் உண்டு, பெண்களும் உண்டு. அவருட் பலர் கூறும் குறை ஒன்றே: இம்மகளிர் வாய் திறந்து ஒரு சொல்லேனும் கூறவில்லை!

எண்ணிப் பார்த்தால், அக்குறை நியாயமானதே. பார்க்கப்படுவதற்காகவே பாறையில் தீட்டப்பட்டவர் அவர். ஓடவும் மாட்டார், ஆடவும் மாட்டார், தோற்கவும் மாட்டார், வெல்லவும் மாட்டார். பெண்ணைக் காண்பது என்றால் அழகைக் காண்பது என்ற ஒரே பொருளில் பல நூற்றாண்டுகளாக உலகம் பழகிவிட்டது. அவள் செய்யும் தொழிலைக் காண்பதற்கு, அவளுடைய வலிமையையும் அறிவையும் காண்பதற்குக் கூட்டம் கூடியது அண்மைக் காலத்திலேதான்.

இன்னொன்றும் சொல்லலாம். மேலே ஏறும் வழியில், குளவிக் கூடுகள் இருப்பதால் ஓசை எழுப்பாதீர் என்ற அறிவிப்புப் பலகையைக் காணலாம். ஓவிய மகளிரும் மௌனம். காண வந்தோரும் மௌனம்! அன்று பிற்பகல் நாம் சென்ற இடமோ இதற்கு முற்றிலும் மாறானது.

தம்புள்ளை அரங்கு

அன்று 2024ஆம் ஆண்டு ஜூலை மாதம் 28ஆம் திகதி, ஞாயிற்றுக்கிழமை. ஆசியக் கிண்ண மகளிர் கிரிக்கெட் போட்டியின் இறுதி ஆட்டம். இந்தியா, பாகிஸ்தான், நேபாளம், ஐக்கிய அரபு அமீரகம், இலங்கை, பங்களாதேசம், தாய்லாந்து, மலேசியா என எட்டு நாடுகள் கலந்துகொண்ட 15 ஆட்டங்களும் ரங்கிரி தம்புள்ளை அரங்கிலேயே நடந்தன. ஆட்டங்களைக் காண அனுமதி இலவசம் என முன்னரே அறிவித்திருந்தனர். சீகிரியாவுக்கு வந்த பயணி எவரும், காலையிலே குன்றைக் கண்டுவிட்டு, பிற்பகலிலே ஓர் அனைத்துலக ஆட்டத்தைச் செலவின்றிக் காணக் கூடிய அரிய வாய்ப்பு அது.

தம்புள்ளை அரங்கின் அமைப்பையும் சிறிது கூற வேண்டும். ஒரு புறம் தம்புள்ளைக் குளம். மற்றொரு புறம் குகைக் கோயில் அமைந்த தம்புள்ளைப் பாறை. அக்கோயிலுக்குரிய 60 ஏக்கர் நிலத்தைக் குத்தகைக்குப் பெற்று 167 நாட்களில் இதனைக் கட்டி முடித்தனர். 2001ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் இலங்கையும் இங்கிலாந்தும் இங்கே முதல் அனைத்துலக ஆட்டத்தை ஆடின. கொழும்பிலே மழை பெய்யும் மாதங்களிலும் இவ்வுலர் வலயத்தில் வானம் வெளுத்திருக்கும். ஆதலால் ஆட்டம் தடைப்படுவது குறைவு. நாட்டுப்புறத்து மக்களும் பெரிய ஆட்டங்களைக் காண வேண்டும் என்பதும் இதனைக் கட்டியோரின் நோக்கங்களுள் ஒன்று.

நாம் சென்றபோது வாசலில் கூட்டம் நெருங்கியது. வழக்கமான கிரிக்கெட் கூட்டத்துக்கும் இதற்கும் ஒரு வேற்றுமை இருந்தது. இளைஞர் கூட்டத்தின் இடையே தாய்மாரும், பாட்டிமாரும், சீருடை அணிந்த பள்ளி மாணவியரும், கைக்குழந்தையை ஏந்திய இளம் பெண்களும் சாரி சாரியாக வந்தனர். சோற்றுப் பொதியும் தண்ணீர்ப் போத்தலும் கையிலே. திருவிழாவுக்கு வந்தவர்போல் காணப்பட்டனர்.

நமக்கு அருகில் ஒரு சிங்கள மூதாட்டி, பன்னிரண்டு வயதுடைய பேத்தியோடு அமர்ந்திருந்தார். இனாமலுவைப் பக்கத்திலே விவசாயம் செய்யும் குடும்பம். நமக்குத் தெரிந்த சிங்களத்தில் பேச்சுக் கொடுத்தோம். 'ஆச்சி' என்னும் சொல் அம்மொழியிலும் பாட்டியையே குறிப்பதால் முறை சொல்லி அழைப்பதில் இடர்ப்பாடில்லை.

“ஆச்சி, இதற்கு முன் இந்த அரங்குக்கு வந்ததுண்டா?” என்று கேட்டோம்.

“இல்லை, மாத்தயா. கட்டும்போது வேலிக்கு வெளியே நின்று பார்த்தேன். அதற்குப் பிறகு இன்றைக்குத்தான் உள்ளே வருகிறேன்.”

“இவ்வளவு அருகில் இருந்துமா?”

“மகனும் மருமகனும் வருவார்கள். அவர்களுக்கு டிக்கட் வாங்குவார்கள். எனக்கும் இந்தப் பிள்ளைக்கும் யார் வாங்குவார்? இன்றைக்குக் காசு வேண்டாம் என்று பள்ளிக்கூடத்திலே சொன்னார்களாம். இவள்தான் என்னை இழுத்துக்கொண்டு வந்தாள். பள்ளியிலே எல்லே விளையாடுகிறாள்.”

எல்லே என்பது மட்டையும் பந்தும் கொண்டு ஆடும் சிங்கள நாட்டு ஆட்டம். அப்பெண் நாணத்தோடு தலையைக் குனிந்துகொண்டாள். ஆனால் ஆட்டம் தொடங்கியதும் அவள் கண்கள் மைதானத்தை விட்டு அகலவில்லை.

ஆச்சி கூறியதில் கோபமும் இல்லை, குறையும் இல்லை. உள்ளதை உள்ளபடி கூறினார். ஒரு குடும்பத்தின் கையிலே இரண்டு சீட்டுக்கே பணம் இருக்குமாயின், அவ்விரண்டும் யாருக்குச் செல்லும் என்பது நம் வீடுகளிலும் தெரிந்த செய்திதானே! சீட்டின் விலை நூறு ரூபாயாக இருக்கலாம், ஐந்நூறாக இருக்கலாம். பெண்ணுக்கு அதனை வாங்க வேண்டுமா என்ற கேள்வியே உண்மையான தடை. அனுமதி இலவசம் என்றவுடன் அக்கேள்வி கேட்கவே இடமில்லாமற் போகிறது.

அன்றைய ஆட்டம்

முதலில் ஆடிய இந்திய அணி 20 ஓவர்களில் 6 விக்கெட் இழப்புக்கு 165 ஓட்டங்கள் எடுத்தது. ஸ்மிருதி மந்தனா 60 ஓட்டங்கள் குவித்தார். இந்தியாவோ அதற்கு முந்திய எட்டு ஆசியக் கிண்ணங்களில் ஏழை வென்ற அணி. இலங்கையோ ஐந்து இறுதி ஆட்டங்களில் இந்தியாவிடமே தோற்ற அணி. 2022ஆம் ஆண்டு இறுதி ஆட்டத்தில் 9 விக்கெட் இழப்புக்கு 65 ஓட்டங்களுக்கு மேல் எடுக்க இயலாமல் நின்றதை யாவரும் நினைவிற் கொண்டிருந்தனர். இலங்கை 7 ஓட்டங்கள் எடுத்தபோதே முதல் விக்கெட் வீழ்ந்தது. அரங்கம் அடங்கிற்று.

அணித் தலைவி சமரி அத்தபத்து தளரவில்லை. குருநாகல் மாவட்டத்தைச் சேர்ந்த இவர், 2017ஆம் ஆண்டு உலகக் கிண்ணத்தில் அவுஸ்திரேலியாவுக்கு எதிராக 178 ஓட்டங்களும், 2024 ஏப்ரலில் தென்னாபிரிக்காவுக்கு எதிராக 195 ஓட்டங்களும் ஆட்டமிழக்காமல் எடுத்தவர். அன்று 43 பந்துகளில் 61 ஓட்டங்கள் எடுத்தார். ஹர்ஷிதா சமரவிக்கிரம ஆட்டமிழக்காமல் 69. கவிஷா தில்ஹாரி 16 பந்துகளில் 30. எட்டுப் பந்துகள் மீதமிருக்க, 2 விக்கெட் இழப்புக்கு 167 ஓட்டங்கள் எடுத்து, இலங்கை முதன்முறையாக ஆசியக் கிண்ணத்தைக் கைப்பற்றியது. அப்போது எழுந்த ஆரவாரம் குகைக் கோயிற் பாறையிலே மோதித் திரும்பியது போலிருந்தது.

தமிழ் வாசகர்களுக்கு உவப்பான செய்தி ஒன்று. இந்திய அணியிலே சென்னையைச் சேர்ந்த தயாளன் ஹேமலதாவும் இடம்பெற்றிருந்தார். இறுதி ஆட்டத்தில் அவர் ஆடவில்லையாயினும், இதே அரங்கில் நேபாளத்துக்கு எதிராக 47 ஓட்டங்கள் எடுத்தார். அவருக்கு முன்னரே சென்னைத் திருஷ்காமினி 2013ஆம் ஆண்டு உலகக் கிண்ணத்தில் 100 ஓட்டங்கள் எடுத்து, அப்போட்டியில் சதமடித்த முதல் இந்தியப் பெண் என்ற புகழைப் பெற்றார்.

கூட்டம் பெருகியதால் வந்த தடை

பெண்கள் விளையாடினால் பார்ப்பதற்கு ஆள் வராது என்று கூறுவோர் உண்டு. வரலாறு இதற்கு மாறாகப் பேசுகிறது. 1920ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் திகதி, இங்கிலாந்தின் லிவர்ப்பூல் நகரில் நடந்த பெண்கள் உதைபந்தாட்டம் ஒன்றைக் காண 53,000 பேர் திரண்டனர். உள்ளே இடமின்றித் திரும்பியோர் வேறு பல்லாயிரவர். மறு ஆண்டு டிசம்பர் 5ஆம் திகதி அந்நாட்டு உதைபந்தாட்டச் சங்கம், தன் அங்கத்துவக் கழகங்களின் மைதானங்களிலே பெண்கள் ஆடலாகாது எனத் தடை விதித்தது. ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் அத்தடை நீடித்தது. ஆள் வராமையால் ஒடுங்கிய ஆட்டம் அன்று அது; ஆள் வரக்கூடிய இடத்தை அடைத்தமையால் ஒடுங்கிய ஆட்டம்.

அடைத்த கதவைத் திறந்தால் என்ன நேரும் என்பதை அமெரிக்கா காட்டியது. அரசின் பொருளுதவி பெறும் கல்வி நிலையங்களில் ஆண் பெண் வேற்றுமை காட்டலாகாது என 1972ஆம் ஆண்டில் அங்கே சட்டம் பிறந்தது. கல்லூரிகள் பெண்களுக்கும் அணிகளை அமைத்தன. 1982 முதல் கல்லூரி மகளிர் உதைபந்தாட்டத்துக்கு நாடளாவிய சாம்பியன் போட்டி நடைபெறுகிறது. வட கரோலைனாப் பல்கலைக்கழகம் 2024 வரை 22 முறை அதனை வென்றுள்ளது.

அக்கல்லூரி ஆட்டங்கள் பலவற்றிற்கு அனுமதி இலவசம். கட்டணம் இருந்தாலும் சிறு தொகையே. மாலை வேளையில் ஊரார் பிள்ளைகளோடு வந்து புல்வெளி ஓரத்தில் அமர்ந்து பார்ப்பர். ஆட்டம் முடிந்தபின் சிறுமியர் வீராங்கனையரை நெருங்கிக் கையொப்பம் பெறுவதும் உண்டு. வட கரோலைனாவில் ஆடிய மியா ஹாம் போன்றோரே 1991ஆம் ஆண்டு முதல் மகளிர் உலகக் கிண்ணத்தை அமெரிக்காவுக்குப் பெற்றுத் தந்தனர். 1999ஆம் ஆண்டு உலகக் கிண்ண இறுதி ஆட்டத்தைக் காணக் கலிபோர்னியாவில் 90,185 பேர் கூடினர். கட்டணம் கொடுத்து வந்த அப்பெருங்கூட்டத்தின் ஒரு பகுதி, கல்லூரிப் புல்வெளியிலே கட்டணமின்றிப் பார்த்துப் பழகியது என்பதை மறக்கலாகாது.

இலவசம் இழிவாகுமா?

'இலவசமாகக் கிடைப்பதற்கு மதிப்பில்லை. ஆண்கள் ஆட்டத்துக்குக் கட்டணம் வைத்துப் பெண்கள் ஆட்டத்தைச் சும்மா காட்டுவது அவர்களைத் தாழ்த்துவதாகாதா?' என்று நண்பர் ஒருவர் கேட்டார். தள்ளிவிடக் கூடிய கேள்வியன்று இது.

நம் மரபை எண்ணிப் பார்ப்போம். தேர்த் திருவிழாவுக்கு எவரும் சீட்டு வாங்கியதில்லை. கோயில் வீதியில் விடிய விடிய நடக்கும் கூத்துக்கும், நாதஸ்வர மேதைகளின் கச்சேரிக்கும் பாயை விரித்து அமர்ந்தவரிடம் கட்டணம் கேட்டதில்லை. ஆயினும் அக்கலைகளை நாம் இழிவாக எண்ணினோமா? கேட்டுக் கேட்டே நம் மக்கள் இராகத்தை அறிந்தனர். பார்த்துப் பார்த்தே கூத்தின் நுட்பத்தை உணர்ந்தனர். சுவைஞரை உண்டாக்கியது திறந்த வாசலே.

ஆனால் ஒன்றைத் தெளிவாகக் கூற வேண்டும். நாதஸ்வரக்காரருக்குக் கோயில் சம்பளம் கொடுத்தது. பார்ப்பவனுக்கு இலவசம் என்பதால் வாசிப்பவனுக்கு ஊதியம் இல்லை என்பது நியாயமாகாது. விளையாட்டிலும் அப்படியே. ஒளிபரப்பாலும் விளம்பரத்தாலும் வரும் வருவாயில் வீராங்கனையருக்கு உரிய பங்கு கிடைக்க வேண்டும். இந்தியக் கிரிக்கெட் வாரியம் 2022 அக்டோபரில் ஆண்களுக்கும் பெண்களுக்கும் சமமான ஆட்ட ஊதியத்தை அறிவித்தது. அனைத்துலகக் கிரிக்கெட் சபை தன் போட்டிகளில் சமமான பரிசுத் தொகையை 2023 ஜூலையில் அறிவித்தது. வாசல் இலவசம், உழைப்பு இலவசமன்று. இவ்விரண்டையும் பிரித்தறிந்தால் நண்பரின் கேள்விக்கு விடை கிடைத்துவிடும்.

கட்டணமே கூடாது என்றும் நாம் சொல்லவில்லை. 2025ஆம் ஆண்டில் இந்தியாவும் இலங்கையும் நடத்திய மகளிர் உலகக் கிண்ணத்தில், இந்தியாவில் நடந்த முதற்சுற்று ஆட்டங்களுக்குக் குறைந்த கட்டணம் 100 ரூபாய். நவம்பர் 2ஆம் திகதி இந்தியா தென்னாபிரிக்காவை 52 ஓட்டங்களால் வென்று முதன்முறையாக உலகக் கிண்ணத்தை ஏந்தியதை நவி மும்பாயில் நிறைந்த அரங்கம் கண்டது. முதலில் பழக்கம், பிறகு விருப்பம், அதன்பின் கட்டணம். இந்த வரிசை மாறினால் வெறும் நாற்காலிகளே மிஞ்சும்.

நம் ஊர் மைதானங்கள்

அனைத்துலக ஆட்டம் ஆண்டு முழுவதும் தம்புள்ளையில் நடப்பதில்லை. நடக்கும் ஆட்டமெல்லாம் இலவசமாகவும் இராது. செல்லுமுன் அறிவிப்பைப் பார்த்துக்கொள்ள வேண்டும். ஆனால் ஆண்டு முழுவதும் இலவசமாகக் காணக்கூடிய ஆட்டங்கள் நம் வீட்டுக்கு அருகிலேயே நடக்கின்றன. பாடசாலைகளுக்கிடையிலான போட்டி, கல்லூரிகளுக்கிடையிலான போட்டி, பல்கலைக்கழக விளையாட்டு விழா ஆகியவற்றில் பெரும்பாலானவற்றுக்குச் சீட்டும் இல்லை, வாசற்காவலும் இல்லை.

இத்துறையில் தமிழ்ப் பெண்களின் சாதனை சிறிதன்று. தெல்லிப்பழை மகாஜனக் கல்லூரி மாணவியர் உதைபந்தாட்டத்தில் நாடு முழுவதும் பெயர் பெற்றவர். தமிழ்நாட்டு மகளிர் அணி 2018ஆம் ஆண்டில் மணிப்பூரை வென்று இந்தியத் தேசியச் சாம்பியன் ஆயிற்று. 2023ஆம் ஆண்டிலும் அப்பட்டத்தை மீண்டும் பெற்றது. மதுரையின் சேது உதைபந்தாட்டக் கழகம் 2019ஆம் ஆண்டு இந்திய மகளிர் லீக் போட்டியில் வாகை சூடியது. செய்தித்தாளில் இவற்றைப் படித்துப் பெருமிதம் கொள்ளும் நாம், நம் ஊர்ப் பெண்கள் ஆடுவதை எத்தனை முறை நேரிற் சென்று பார்த்திருக்கிறோம்?

ஆசிரியத் தொழிலில் உள்ளமையால் இரு வகை ஆட்டங்களையும் அருகிருந்து காணும் வாய்ப்பு நமக்கு உண்டு. ஆண் மாணவரின் பெரிய ஆட்டத்தன்று மதிலிலும் மரத்திலும் ஆள் ஏறியிருக்கும். பழைய மாணவர் கொடி பிடித்து வருவர். மாணவியர் ஆட்டத்தன்றோ, பயிற்சி ஆசிரியை, மாற்று வீராங்கனையர், தண்ணீர் கொண்டு வந்த இரு தோழியர் ஆகியோரே பார்வையாளர். கோல் போட்டவள் திரும்பிப் பார்க்கிறாள், கைதட்ட ஆளில்லை. ஓராண்டு ஆடுவாள், ஈராண்டு ஆடுவாள். பிறகு, 'படிப்பு இருக்கிறது' என்று கூறி விலகிவிடுவாள். அவள் விலகியதை எவரும் கவனிப்பதுமில்லை. மைதானத்தின் ஓரத்தில் பெற்றோர் இருபது பேர் அமர்ந்திருந்தால் அவள் கதை வேறாகியிருக்கும்.

சென்று பார்ப்பவர்களுக்கும் ஒரு முறை உண்டு. ஆடுபவளின் நிறத்தையும் உடையையும் பற்றிப் பேசுவதற்காக அங்கே செல்லுதல் கூடாது. பந்தைப் பாருங்கள், அவள் அதனை அடக்கும் விதத்தைப் பாருங்கள், தவறவிட்டபோது எழுந்து ஓடும் ஊக்கத்தைப் பாருங்கள். விதிகள் தெரியாவிட்டால் அருகிலிருக்கும் மாணவியிடமே கேளுங்கள். மகிழ்ச்சியோடு சொல்லித் தருவாள். ஆண் பிள்ளைகளையும் அழைத்துச் செல்லுங்கள். தன் தங்கை வயதுடைய ஒருத்தி முப்பது கஜத் தூரத்திலிருந்து கோல் போடுவதைக் கண்ட பையன், பெண்ணைப் பற்றி அதன்பின் ஏளனமாகப் பேசத் தயங்குவான். எத்தனையோ அறவுரைகள் செய்யாததை அந்த ஒரு கோல் செய்துவிடும்.

விடுமுறையில் சீகிரியாவுக்குச் செல்லும் குடும்பங்கள் ஓவியங்களைத் தவறாமல் காண்க. அவற்றைத் தீட்டிய கைகளின் திறமைக்கு ஈடில்லை. கண்ணாடிச் சுவரின் அருகே சிறிது நேரம் நின்று, ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் அங்கே வந்து தம் கருத்தை எழுதி வைத்த ஆண்களையும் பெண்களையும் நினைந்து பார்க்க. மாலையில் தம்புள்ளை அரங்கிலோ, வழியிலுள்ள ஏதேனும் பாடசாலை மைதானத்திலோ பெண்கள் ஆடிக்கொண்டிருந்தால், வண்டியை நிறுத்திவிட்டு அரை மணி நேரம் அமர்ந்து காண்க. நல்ல பந்துக்குக் கைதட்டுக. அதற்குச் சீட்டு வேண்டியதில்லை. ஆனால் அந்தக் கைதட்டலின் ஒலி ஓர் இளம்பெண்ணை மறுநாளும் மைதானத்துக்கு வரச் செய்யும்.